முதற்பார்வையாளர் கண்ட பாடம்: 'ஸ்டார் வார்ஸ்' திரையரங்குப் பிரதிகளிலிருந்து ரசிகர்கள் செய்த மீட்பும் தமிழ்த் திரைப்படப் பாதுகாப்புக்கு அதன் பயனும்

முன்னுரை

திரைப்பட ரசிகர் என்னும் சொல் தமிழாய்வில் பெரும்பாலும் ரசிகர் மன்றம், நட்சத்திர வழிபாடு, தேர்தல் அரசியல் ஆகியவற்றோடு இணைத்தே பேசப்பட்டு வந்துள்ளது. ரசிகர் ஒருவர் தாம் விரும்பும் படத்தின் பழைய பிரதிகளைத் தேடி, அவற்றை ஒப்புநோக்கி, சிதைவு நீக்கி வெளியிடும் பதிப்பாளராகவும் இயங்கக்கூடும். இவ்வகை முயற்சிகளுள் மிக விரிவானது, 1977இல் வெளியான 'ஸ்டார் வார்ஸ்' என்னும் அமெரிக்கப் படத்தின் முதல் வடிவத்தைத் திரையரங்குப் பிரதிகளிலிருந்து மீட்ட ரசிகர்களின் பணியாகும். அப்பணி நடந்த முறையையும் அது எழுப்பும் வினாக்களையும் விளக்குவதும், அதிலிருந்து தமிழ்த் திரைப்படப் பாதுகாப்புக்குக் கொள்ளத்தக்கவற்றைச் சுட்டுவதும் இக்கட்டுரையின் நோக்கமாகும்.

மீட்பு என்பது பழைய படத்தைப் புதியது போல் மெருகிடுவது அன்று. குறிப்பிட்ட ஒரு காலத்தில் குறிப்பிட்ட பார்வையாளர் கண்ட பாடத்தைச் சான்றோடு நிறுவுவதே மீட்பு. அதற்குப் பிரதி வேண்டும். ஒப்புநோக்கும் திறன் வேண்டும். வெளியிடும் உரிமை வேண்டும். 'ஸ்டார் வார்ஸ்' ரசிகர்களிடம் முதலிரண்டும் இருந்தன, மூன்றாவது இல்லை. பழைய தமிழ்ப் படங்களைப் பொறுத்தவரை உரிமைத் தடை ஆண்டுதோறும் தளர்ந்து வருகின்றது. பிரதிகளோ ஆண்டுதோறும் குறைந்து வருகின்றன. இவ்வேறுபாட்டை மையமாகக் கொண்டே இக்கட்டுரை அமைகின்றது.

1. மறைந்துபோன முதல் வடிவம்

'ஸ்டார் வார்ஸ்' 1977 மே 25 அன்று அமெரிக்காவில் திரையிடப்பட்டது. 1981ஆம் ஆண்டு மறுவெளியீட்டின்போதே அதன் முன்னுரை எழுத்துகளில் 'எபிசோட் 4', 'எ நியூ ஹோப்' என்னும் தலைப்புகள் சேர்க்கப்பட்டன. பெரிய மாற்றம் 1997இல் நிகழ்ந்தது. இயக்குநர் ஜார்ஜ் லூகாஸ், கணினி வழி உருவாக்கிய காட்சிகளைச் சேர்த்தும், முதலில் நீக்கப்பட்டிருந்த ஜப்பா காட்சியை இணைத்தும், ஹான் சோலோவும் கிரீடோவும் எதிர்ப்படும் மதுக்கூடக் காட்சியில் யார் முதலில் சுட்டார் என்பதையே மாற்றியும் 'சிறப்புப் பதிப்பு' ஒன்றை வெளியிட்டார். 2004ஆம் ஆண்டின் டிவிடி, 2011ஆம் ஆண்டின் புளூ-ரே, 2019இல் டிஸ்னி பிளஸ் தளத்தில் வந்த வடிவம் ஆகிய ஒவ்வொன்றிலும் மேலும் திருத்தங்கள் இடம்பெற்றன.

இத்திருத்தங்கள் படைப்பாளரின் உரிமைக்குட்பட்டவை. முதல் வடிவம் தமது எண்ணத்தை முழுமையாக வெளிப்படுத்தவில்லை என்பதும், திருத்திய வடிவமே தாம் விரும்பிய படம் என்பதும் லூகாஸின் நிலைப்பாடு. அவர் திருத்தியது பற்றி ரசிகர்களிடையே கருத்து வேறுபாடு உண்டு. ஆனால், மீட்புப் பணிக்கு அடிப்படையான குறை வேறு: திருத்திய வடிவம் வந்தபின் முதல் வடிவம் கிடைக்காமற் போயிற்று. நூல் ஒன்றின் இரண்டாம் பதிப்பு வெளிவந்தால் முதற்பதிப்பு நூலக அடுக்கிலிருந்து அகற்றப்படுவதில்லை. ஆய்வாளர் இரண்டையும் அருகருகே வைத்துப் பார்க்கலாம். திரைப்படத்தில் அவ்வாய்ப்பு இல்லை. 1997ஆம் ஆண்டுப் பணியில் புதிய காட்சிகள் மூல நெகட்டிவின் தொகுப்பிலேயே பழையவற்றுக்குப் பதிலாகச் சேர்க்கப்பட்டன. எனவே, மூல நெகட்டிவ் என்று இன்று சுட்டப்படுவது 1977ஆம் ஆண்டின் பாடத்தைத் தாங்கியதன்று.

2006இல் முதல் வடிவம் டிவிடியாக வெளியிடப்பட்டது உண்மையே. எனினும் அது, 1993இல் லேசர்டிஸ்க்குக்காக உருவாக்கிய பழைய வீடியோ மூலத்திலிருந்து எடுக்கப்பட்டு, கூடுதல் இணைப்பாகவே தரப்பட்டது. அகன்ற திரைக்கு ஏற்றவாறு செம்மையாக்கப்படவும் இல்லை. அக்காலத் தொலைக்காட்சிகளிலேயே அதன் தெளிவின்மை புலப்பட்டது. ரசிகர்களின் மீட்புப் பணி இவ்வெற்றிடத்திலிருந்தே வளர்ந்தது.

2. திரையரங்குப் பிரதி என்னும் சான்று

மூல நெகட்டிவ் கைக்கெட்டாதபோது எஞ்சுவது திரையரங்குப் பிரதியாகும். ஒளிப்பதிவுக் கருவியில் ஓடிய நெகட்டிவைத் தொகுத்து, அதிலிருந்து இடைநிலைப் பாசிட்டிவ் ஒன்றும், அதிலிருந்து வழிநெகட்டிவ் ஒன்றும் எடுத்து, அவ்வழிநெகட்டிவிலிருந்தே பெருமளவில் பிரதிகளை அச்சிடுவது வண்ணப்பட ஆய்வகங்களின் பொது நடைமுறை. ஒவ்வொரு படியிலும் நுண்மை சிறிது குறையும்; மாறுபாடு சிறிது கூடும். ஆகையால் திரையரங்குப் பிரதி, ஏட்டை நோக்கி எழுதிய ஏட்டினை நோக்கி எழுதிய ஏடு போன்றது. அதே வேளையில் அதற்குத் தனிச்சிறப்பும் உண்டு. ஒளிப்பதிவாளரும் ஆய்வக வண்ண வல்லுநரும் முடிவு செய்த ஒளியும் நிறமும் பிரதியில்தான் பதிந்துள்ளன. நெகட்டிவில் அவை இல்லை. பார்வையாளர் கண்டதும் பிரதியைத்தான்.

பிரதியின் நம்பகத்தன்மை அதன் சாயத்தைப் பொறுத்தது. 1970களில் வழக்கிலிருந்த ஈஸ்ட்மன் வகைப் பிரதிகளில் நீலப்பச்சைச் சாயம் இருட்டறையில் வைத்திருந்தாலும் விரைவில் மங்கிவிடும். எஞ்சுவது மெஜந்தா. அதனால் அக்காலப் பிரதிகள் பல இன்று முழுவதும் செந்நிறமாகக் காட்சி தருகின்றன. இக்குறையைக் குறைத்த கோடாக் பிரதிச்சுருள் 1980களின் தொடக்கத்தில்தான் புழக்கத்துக்கு வந்தது.

டெக்னிகலர் சாயமாற்று முறை வேறு வகைப்பட்டது. மூன்று அச்சுச்சுருள்களில் மூன்று சாயங்களை ஏற்றி, அச்சகத்தில் வண்ணப்படம் அச்சிடுவது போல ஒன்றன்மேல் ஒன்றாக வெற்றுச் சுருளில் பதிப்பதே அம்முறை. அச்சாயங்கள் மிகவும் நிலைத்தவை. அமெரிக்காவில் இம்முறை 1970களின் நடுப்பகுதியிலேயே கைவிடப்பட்டபோதிலும், இலண்டனிலிருந்த டெக்னிகலர் ஆய்வகம் 1978 வரை அதைத் தொடர்ந்தது. அங்கு அச்சான கடைசிப் படங்களுள் 'ஸ்டார் வார்ஸ்' ஒன்று. ஆய்வக வரலாற்றின் இத்தற்செயல் நிகழ்வே பின்னாளில் 1977ஆம் ஆண்டின் நிறத்துக்கு மங்காத சான்றை விட்டுச்சென்றது. 1997ஆம் ஆண்டுச் சிறப்புப் பதிப்பின்போது மூல நெகட்டிவ் மங்கியிருந்தமையால், அப்பணியில் ஈடுபட்ட வல்லுநர்களும் நிற ஒப்பீட்டுக்கு டெக்னிகலர் பிரதி ஒன்றையே துணைக்கொண்டனர் என்பது இங்குக் கருதத்தக்கது.

3. மீட்பின் இரு வழிகள்

ரசிகர்களின் பணியில் இருவேறு முறைகளைக் காணலாம். முதலாவது தொகுப்பு முறை. 'டிஸ்பெஷலைஸ்டு எடிஷன்' என்னும் பெயரில் 2011 முதல் வெளிவந்த வடிவங்கள் இம்முறையைச் சார்ந்தவை. அதிகாரப்பூர்வ உயர்தெளிவு வெளியீடுகளை அடிப்படையாகக் கொண்டு, பின்னாளில் சேர்க்கப்பட்ட பகுதிகளை நீக்கி, அவற்றின் இடத்தில் 2006 டிவிடி, படச்சுருள் ஸ்கேன்கள் முதலிய பல மூலங்களிலிருந்து எடுத்த பகுதிகளை இணைத்து, நிறத்தைச் சமன்செய்து அவை உருவாக்கப்பட்டன. ஒரே காட்சியின் ஒரு பாதி ஒரு மூலத்திலிருந்தும் மறு பாதி வேறொரு மூலத்திலிருந்தும் வந்திருக்கக்கூடும். முதல் வடிவம் எப்படி இருந்தது என்பதை நல்ல தெளிவில் உணர்த்த இம்முறை உதவிற்று.

இரண்டாவது, ஒரே பிரதியை அடிப்படையாகக் கொள்ளும் முறை. 'டீம் நெகட்டிவ் 1' என்று தம்மை அழைத்துக்கொண்ட குழுவினர் 2016இல் 'சில்வர் ஸ்கிரீன் எடிஷன்' என்னும் வடிவத்தையும், 2018இல் '4கே77' என்னும் வடிவத்தையும் பரப்பினர். பின்னதில் ஏறத்தாழ 97 விழுக்காடு 1977ஆம் ஆண்டின் ஒரே 35 மி.மீ. டெக்னிகலர் பிரதியிலிருந்து பெறப்பட்டது என்று அக்குழு அறிவித்துள்ளது. அதிகாரப்பூர்வ வெளியீட்டைத் திருத்துவதை விடுத்து, பிரதியையே முழுமையாக ஸ்கேன் செய்து வெளியிடுவதே இதன் அடிப்படை.

பணியின் பருமனைச் சிறு கணக்கு ஒன்று காட்டும். படச்சுருளின் ஒவ்வொரு தனிப்படமும் சட்டகம் எனப்படும். நொடிக்கு 24 சட்டகம் என்னும் கணக்கில் 121 நிமிடப் படம் 1,74,240 சட்டகங்களைக் கொண்டது. ஓர் அடிச் சுருளில் 16 சட்டகங்கள் அடங்குவதால் படத்தின் நீளம் 10,890 அடி. ஒவ்வொரு சட்டகமும் தனிப்படமாகப் பதிவு செய்யப்பட்டு, பின்னர் தூசு, கீறல், ஒட்டுத்தடம், நடுக்கம் ஆகியவை நீக்கப்பட வேண்டும்.

தூய்மையாக்கத்தில் கருவிகள் உதவுகின்றன. வண்ணச் சாயங்கள் அகச்சிவப்புக் கதிரைத் தடுப்பதில்லை. தூசும் கீறலும் தடுக்கின்றன. எனவே அகச்சிவப்பில் எடுத்த தனிப்பதிவு சிதைவுள்ள இடங்களை மட்டும் காட்டிக்கொடுக்கும். கறுப்பு வெள்ளைப் படத்தில் உருவத்தை அமைக்கும் வெள்ளியே அக்கதிரைத் தடுத்துவிடுவதால் இவ்வுத்தி அங்குப் பயன்படாது. பழைய தமிழ்ப் படங்களுட் பெரும்பகுதி கறுப்பு வெள்ளை என்பதால் இவ்வேறுபாடு நினைவிற் கொள்ளத்தக்கது. ஒளி சிதறாதவாறு நீர்மத்தில் நனைத்து ஸ்கேன் செய்யும் முறையால் அடித்தளக் கீறல்களை மறைக்கலாம். அது இரு வகைப் படத்துக்கும் பொருந்தும்.

கருவி முடிவு செய்ய இயலாத இடங்களும் உண்டு. வானில் தெரியும் ஒரு வெண்புள்ளி விண்மீனா தூசா என்பதை மென்பொருள் அறியாது. விண்வெளிப் படத்தில் இவ்வையம் ஒவ்வொரு காட்சியிலும் எழும். சுருள் மாற்றத்தைத் திரையிடுவோருக்கு உணர்த்தச் சட்டகத்தின் வலப்பக்க மேல்மூலையில் இடப்பட்ட வட்டக்குறி அழிக்கப்பட வேண்டிய கறையா, திரையரங்கு அனுபவத்தின் பகுதியா? கிரெயின் எனப்படும் மணித்தன்மையைக் குறைத்தால் படம் மென்மையாகத் தோன்றும்; அதனோடு நுண்மையும் போகும். '4கே77' குழுவினர் மணித்தன்மை குறைத்த வடிவத்தையும் குறைக்காத வடிவத்தையும் தனித்தனியே வெளியிட்டது இச்சிக்கலுக்கு அவர்கள் கண்ட நேர்மையான விடை எனலாம். நிறமும் இத்தகையதே. பிரதியின் நிறம் அதனைக் காட்டும் விளக்கைப் பொறுத்தது. கார்பன் வில்விளக்கில் ஒரு வகையாகவும் செனான் விளக்கில் வேறு வகையாகவும் தோன்றும். ஸ்கேன் செய்த கோப்பில் எதைச் சரியான நிறம் என நிறுவுவது என்பது பதிப்பாளரின் முடிவாகவே அமைகின்றது.

4. மூலபாடம் எது?

தமிழ்ப் பதிப்பு வரலாற்றை அறிந்தோர்க்கு இவ்விரு வழிகளும் புதியன அல்ல. பல ஏடுகளின் நல்ல பாடங்களைத் தெரிந்தெடுத்து ஒரு பாடத்தை அமைப்பது ஒரு வழி. நம்பத்தக்க ஏடு ஒன்றை அடிப்படையாகக் கொண்டு, அது சிதைந்த இடத்தில் மட்டும் பிற ஏடுகளை நாடுவது மற்றொரு வழி. முன்னதில் படிப்போர்க்குத் தெளிவு மிகும். ஆனால் அப்பாடம் முழுமையாக எந்த ஏட்டிலும் இருந்ததில்லை. பின்னதில் குறைகள் எஞ்சும். ஆனால் ஒரு காலத்தில் உண்மையில் வழங்கிய பாடம் கிடைக்கும். உ. வே. சாமிநாதையர் 1887இல் சீவக சிந்தாமணியையும் 1894இல் புறநானூற்றையும் பதிப்பித்தபோது பிரதிபேதங்களைக் குறித்துக் காட்டியமைக்குக் காரணம், தாம் கொள்ளாத பாடமும் பிறர் ஆய்வுக்கு உரியது என்னும் உணர்வே. சி. வை. தாமோதரம் பிள்ளையின் பதிப்புப் பணியும் இவ்வரிசையில் வைத்து எண்ணத்தக்கது.

1977ஆம் ஆண்டின் 'ஸ்டார் வார்ஸ்' ஒரே பாடமாக இருந்ததா என்று கேட்டால், இல்லை என்பதே விடை. 70 மி.மீ. பிரதிகளுக்கு ஆறுதட ஒலிக்கலவை, 35 மி.மீ. பிரதிகளுக்கு டால்பி ஸ்டீரியோ ஒலிக்கலவை, அவ்வசதி இல்லாத திரையரங்குகளுக்கு ஒற்றைத்தட ஒலிக்கலவை என மூன்று கலவைகள் அதே ஆண்டில் உருவாயின. இவற்றிடையே உரையாடல் வேறுபாடுகளும் உண்டு. வீரர்கள் துரத்தி வரும் காட்சியில் கதவை மூடுமாறு இடும் ஆணை ஒற்றைத்தடக் கலவையில் இருக்கின்றது; ஸ்டீரியோ கலவையில் இல்லை. லூக்கின் சிற்றன்னை பெருவின் குரலே இரு கலவைகளில் வேறுபட்டு ஒலிக்கின்றது. ஆகவே முதல் வடிவம் என்று ஒருமையிற் சொல்வதைவிட, முதல் ஆண்டின் பாடங்கள் என்று பன்மையிற் சொல்வதே பொருந்தும்.

ஏட்டுச்சுவடிக்கும் படப்பிரதிக்கும் இடையே அடிப்படை வேறுபாடு ஒன்று உண்டு. சங்கப் பாடலின் ஆசிரியர் தம் பாடத்தைப் பற்றி வாதிட வரமாட்டார். இங்கோ படைப்பாளர் வாழ்ந்துகொண்டே, தம் முதல் பாடத்தை விலக்குகின்றார். படைப்பாளரின் இறுதி விருப்பமே மூலபாடம் என்று கொள்வோர்க்கு ரசிகர்களின் பணி பொருளற்றது. வெளியானபின் படைப்பு பொதுமக்களின் வரலாற்றிலும் இடம்பெற்றுவிடுகின்றது என்று கொள்வோர்க்கு அது தேவையானது. இரண்டையும் ஏற்க இடமுண்டு: திருத்திய வடிவத்தைப் படைப்பாளரின் நூலாகவும், முதல் வடிவத்தைக் காலத்தின் ஆவணமாகவும் கொள்ளலாம். அவ்வாறு கொள்வதற்கு இரண்டும் கிடைத்தாக வேண்டும்.

5. உரிமையும் உடைமையும்

1988 மார்ச்சில் அமெரிக்கப் பேராயத்தின் முன் தோன்றிய திரைப்படத் துறையினருள் லூகாஸும் ஒருவர். கறுப்பு வெள்ளைப் படங்களுக்கு உரிமையாளர்கள் வண்ணம் பூசி வெளியிட்டதை எதிர்த்து, கலைப்படைப்புகள் ஒரு சமூகத்தின் பண்பாட்டு உடைமை என்றும் அவற்றைச் சிதைக்கலாகாது என்றும் அவர் வாதிட்டார். அவ்வாண்டிலேயே தேசியத் திரைப்படப் பாதுகாப்புச் சட்டம் நிறைவேறியது. அச்சட்டத்தின் வழி 1989இல் தேசியத் திரைப்படப் பதிவேட்டுக்குத் தேர்ந்தெடுக்கப்பட்ட முதல் 25 படங்களுள் 'ஸ்டார் வார்ஸ்' இடம்பெற்றது. படைப்பாளரின் ஒப்புதலின்றிப் பிறர் செய்யும் மாற்றத்தையே லூகாஸ் எதிர்த்தார். படைப்பாளரே செய்யும் மாற்றம் வேறு என்பது அவர் தரப்பு. எனினும் பொதுமக்களின் உடைமை என்னும் வாதத்தை ரசிகர்கள் அவருக்கே திருப்பி உரைப்பது இயல்பாயிற்று.

சட்டம் ரசிகர்களின் பக்கம் இல்லை. நிறுவனத்துக்காக உருவான படைப்புக்கு அமெரிக்காவில் வெளியீட்டிலிருந்து 95 ஆண்டுக் காப்பு உண்டு. அக்கணக்கில் 'ஸ்டார் வார்ஸ்' 2072ஆம் ஆண்டின் இறுதிவரை உரிமைக்குட்பட்டது. 2012 முதல் அவ்வுரிமை டிஸ்னி நிறுவனத்தைச் சார்ந்தது. அதிகாரப்பூர்வ வட்டு வைத்திருப்போர் மட்டுமே இம்மீட்பு வடிவத்தைப் பெறலாம் என்று ரசிகர்கள் தமக்குள் நெறி வகுத்துக்கொண்டனர், விற்பனையையும் விலக்கினர். இவை நல்லெண்ணத்தின் அடையாளங்களாகுமேயன்றிச் சட்டத்தின் முன் உரிமம் ஆகா.

பிரதியை வைத்திருப்பதும் சிக்கலானதே. திரையரங்குகளுக்குப் பிரதிகள் விற்கப்பட்டதில்லை, வாடகைக்கே அனுப்பப்பட்டன. ஓட்டம் முடிந்ததும் அவை திரும்பப் பெறப்பட்டு அழிக்கப்படுவது வழக்கம். அவ்வாறு அழியாமல் தப்பியவையே சேகரிப்பாளர் கைக்கு வந்தன. 1974இல் நடிகர் ரோடி மக்டவலின் இல்லத்தில் அமெரிக்கக் கூட்டரசுப் புலனாய்வுத் துறையினர் சோதனையிட்டு அவருடைய படத்தொகுப்பைக் கைப்பற்றினர். அவர் மீது வழக்குத் தொடரப்படவில்லை எனினும், சேகரிப்பாளர்களிடையே அச்சம் நிலைத்தது. பிரதியைக் காத்தவர் அதை வெளியே சொல்ல அஞ்சும் நிலை, பாதுகாப்புக்கே இடையூறாகும்.

நிறுவனங்களின் பங்கையும் மறுப்பதற்கில்லை. 2025 சூன் 12 அன்று இலண்டனில் பிரித்தானியத் திரைப்பட நிறுவனம் நடத்திய படச்சுருள் திரைப்பட விழாவின் தொடக்கத்தில், அதன் தேசிய ஆவணக்காப்பகத்திலிருந்த 1977ஆம் ஆண்டின் டெக்னிகலர் பிரதியே திரையிடப்பட்டது. மீட்போ மெருகோ இன்றி, காலத்தால் பாதுகாக்கப்பட்ட அப்பிரதியையே பார்வையாளர் கண்டனர். குளிரறையில் முறையாக வைத்த ஒரு பிரதி அரை நூற்றாண்டுக்குப் பின்னும் தன் நிறத்தோடு பேசும் என்பதை அந்நிகழ்வு மெய்ப்பித்தது.

6. தமிழ்த் திரைப்படங்களின் நிலை

தமிழ்த் திரைப்பட வரலாறு இழப்பிலிருந்தே தொடங்குகின்றது. தென்னிந்தியாவின் முதல் மௌனக் கதைப்படமாகிய 'கீசக வதம்', 1931இல் வெளியான முதல் தமிழ்ப் பேசும்படம் 'காளிதாஸ்' ஆகிய இரண்டுக்குமே பிரதி இல்லை. எளிதில் தீப்பற்றும் நைட்ரேட் சுருள், பின்வந்த அசிட்டேட் சுருளைப் புளிக்காடி வாடையோடு சுருங்கச் செய்யும் வேதிச்சிதைவு, வெப்பமும் ஈரமும் மிகுந்த தட்பவெப்பம், வெள்ளியைப் பிரித்தெடுக்கச் சுருள்களை விற்ற வணிகம் ஆகியவை இவ்விழப்புக்குக் காரணங்கள். இந்தியத் தேசியத் திரைப்பட ஆவணக்காப்பகம் 1964இல்தான் புனேயில் நிறுவப்பட்டது. அங்கும் 2003 சனவரியில் ஏற்பட்ட தீயில் நைட்ரேட் சுருள்கள் பெருமளவில் அழிந்தன.

ஈழத்தமிழர்க்கு இவ்விழப்பின் முகம் வேறு. 1983 சூலைக் கலவரத்தில், கொழும்புக்கு வடக்கே ஹெந்தளையில் கே. குணரத்தினம் நடத்திய விஜயா படப்பிடிப்பு நிலையம் எரிக்கப்பட்டது. அங்கிருந்த நெகட்டிவ்களும் எரிந்தன. நெகட்டிவ் அழிந்த படத்துக்குத் திரையரங்குப் பிரதியே ஒரே சான்று. அவ்விடத்தில் பிரதியைத் தேடுவது பொழுதுபோக்காகாது; ஒரு சமூகத்தின் நினைவைத் தேடுவதாகும்.

பிரதியிலிருந்து மீட்பது இயலும் என்பதற்கு அருகிலேயே சான்று உண்டு. உதயசங்கர் சென்னை ஜெமினி படப்பிடிப்பு நிலையத்தில் உருவாக்கி 1948இல் வெளியிட்ட 'கல்பனா', மூல நெகட்டிவ் அன்றி, புனேயில் இருந்த வழிநெகட்டிவையும் பாசிட்டிவ் பிரதியையும் கொண்டு இத்தாலியின் போலோஞா ஆய்வகத்தில் மீட்கப்பட்டு 2012இல் கான் திரைப்பட விழாவில் திரையிடப்பட்டது. நாகர்கோவிலைச் சேர்ந்த சுந்தர்ராஜ் தயாரித்து 1933இல் வெளியான 'மார்த்தாண்ட வர்மா' என்னும் மௌனப்படம் தப்பிய விதம் இன்னும் வியப்புக்குரியது. நாவலின் உரிமை பற்றிய வழக்கால் பிரதி திருவனந்தபுரப் பதிப்பகம் ஒன்றின் வசம் முடங்கிக்கிடந்தது. முடங்கியதாலேயே அழியாமல், 1974இல் ஆவணக்காப்பகத்தை அடைந்தது.

இந்தியப் பதிப்புரிமைச் சட்டத்தின்படி திரைப்படத்துக்கான உரிமை வெளியான ஆண்டை அடுத்து 60 ஆண்டுகள் நீடிக்கும். 1964இல் வெளியான படத்தின் உரிமை 2024ஆம் ஆண்டோடு முடிந்தது. பாடல், இசை, கதை ஆகியவற்றுக்கு ஆசிரியரின் வாழ்நாளுக்குப் பின் 60 ஆண்டு என்னும் தனிக்கணக்கு உண்டு என்பதையும், பிற நாடுகளில் காலவரை வேறுபடும் என்பதையும் மறத்தல் கூடாது. எனினும், 'ஸ்டார் வார்ஸ்' ரசிகர்கள் 2072 வரை காத்திருக்க வேண்டிய வாயில், தமிழ்ப் படங்களுக்கு ஆண்டுக்கு ஓர் அடி திறந்து வருகின்றது.

இவ்வாயில் வழியே எத்தகைய பாடம் வெளிவரும் என்பதே அடுத்த வினா. 1964ஆம் ஆண்டின் 'கர்ணன்' 2012இலும், 1965ஆம் ஆண்டின் 'ஆயிரத்தில் ஒருவன்' 2014இலும் எண்ணிமமாக்கப்பட்டுத் திரையரங்குகளுக்கு மீண்டும் வந்தன. புதிய தலைமுறையினர் அவற்றைக் கண்டு மகிழ்ந்தனர். இத்தகைய மறுவெளியீடுகளில் ஒற்றைத்தட ஒலி பல்தட ஒலியாக மாற்றப்படுகின்றது. வணிக நோக்கில் இது தவறன்று. ஆனால் மாற்றிய வடிவம் மட்டுமே எஞ்சுமாயின், 1997இல் 'ஸ்டார் வார்ஸ்' அடைந்த நிலையையே தமிழ்ப் படங்களும் அடையும். மெருகிட்ட வடிவத்தோடு, மாற்றம் செய்யாத ஸ்கேன் பதிவும் காக்கப்பட வேண்டும் என்பது குறைந்த அளவு நெறியாகும்.

7. புலம்பெயர் சமூகங்கள் செய்யத்தக்கவை

இலங்கை, மலாயா, சிங்கப்பூர் முதலிய நாடுகளுக்குத் தமிழ்ப் படப்பிரதிகள் அனுப்பப்பட்டுத் திரையிடப்பட்டன. மூடிய திரையரங்கின் பின்னறையிலோ, விநியோகத்தர் குடும்பத்தின் கிடங்கிலோ இன்றும் சுருள்கள் கிடக்கக்கூடும். அத்தகைய பிரதி அந்நாட்டுத் தணிக்கைக்கு ஏற்ப வெட்டுண்டிருக்கலாம். மாறாகத் தாயகத்தில் வெட்டுண்ட பகுதி அதில் எஞ்சியும் இருக்கலாம். இரு நிலையிலும் அது ஒரு பாடபேதச் சான்று.

ரசிகர்களின் பட்டறிவிலிருந்து பெறத்தக்க நடைமுறைகள் சில உண்டு. கண்டெடுத்த சுருளைப் புரொஜெக்டரில் ஓட்டிப் பார்க்கக் கூடாது. சுருங்கிய சுருள் ஒரே ஓட்டத்தில் கிழியும். 1950களின் தொடக்கத்துக்கு முற்பட்ட சுருளாயின் நைட்ரேட் ஆக இருக்கலாம். அதைத் தீயணைப்பு விதிகளை அறிந்த ஆவணக்காப்பகத்தார் மட்டுமே கையாள வேண்டும். கோடாக் சுருளின் ஓரத்தில் உள்ள வட்டம், சதுரம், முக்கோணம் ஆகிய குறிகள் அது உற்பத்தியான ஆண்டைச் சுட்டுவன. அவை சுழற்சி முறையில் மீண்டும் வருவதால் பிற சான்றுகளோடு சேர்த்தே முடிவு செய்ய வேண்டும். புளிக்காடி வாடை வீசும் சுருளை மற்றவற்றிலிருந்து பிரித்து வைக்க வேண்டும். பெட்டியின் மீதுள்ள சீட்டு, தணிக்கைச் சான்று, விநியோகத்தரின் முத்திரை ஆகியவை பிரதியின் வரலாற்றைச் சொல்வதால் அவற்றையும் காக்க வேண்டும். ஸ்கேன் செய்தபின் சுருளை எறிந்துவிடக் கூடாது. நாளைய கருவி இன்றையதைவிட அதிகம் காட்டும்.

நூலகங்களுக்கும் இதில் கடமை உண்டு. எந்தப் பிரதியிலிருந்து, எத்தகைய திருத்தங்களோடு, எந்த ஒலித்தடத்தோடு ஒரு வடிவம் உருவானது என்னும் குறிப்பு இல்லாத திரைப்படக் கோப்பு, பதிப்பாண்டும் பதிப்பாசிரியர் பெயரும் இல்லாத நூலை ஒத்தது. பட்டியலில் படத்தின் பெயரோடு அக்குறிப்பையும் சேர்ப்பது எளிய தொடக்கமாகும்.

முடிவுரை

'ஸ்டார் வார்ஸ்' ரசிகர்கள் உரிமை இன்றிச் செய்த பணியைச் சட்டப்படி முன்மாதிரியாகக் கொள்ள இயலாது. ஆனால், திரையரங்குப் பிரதியைக் கழிபொருளாகக் கருதாமல் சான்றாகக் கருதியமை, ஒரு பிரதியை அடிப்படையாகக் கொண்டு அதன் குறைகளை மறைக்காமல் வெளியிட்டமை, செய்த மாற்றங்களை அறிவித்தமை ஆகிய மூன்றும் எந்த ஆவணக்காப்பகமும் ஏற்கத்தக்க பதிப்பு நெறிகள். அவர்களுக்குப் பிரதி கிடைத்தது, இசைவு கிடைக்கவில்லை. தமிழ்ப் படங்களுக்கு இசைவு தேவைப்படாத நாள் ஒவ்வொரு படமாக வந்துகொண்டிருக்கின்றது. அந்நாளில் ஸ்கேன் செய்வதற்குச் சுருள் இருக்குமா என்பதை இப்போது செய்யும் தேடலே முடிவு செய்யும். புலம்பெயர் நாடுகள் ஒவ்வொன்றிலும் எஞ்சியுள்ள தமிழ்ப் படப்பிரதிகளின் கணக்கெடுப்பே அத்தேடலின் முதற்படியாக அமையும்.